தொண்ணூற்றொன்பதாவது தவணை

சூசை சந்தோஷமாக இருந்தால் பேச்சை நிறுத்த மாட்டான். மனதில் பாரம் ஏறிவிட்டால் வாயைத் திறக்க மாட்டான். பதினான்கு வருடம் அவனோடு குடித்தனம் நடத்திய பவுலினாவுக்கு இது அத்துப்படி. அதனால்தான், தொண்ணூற்று மூன்றாம் ஆண்டு ஈஸ்டருக்கு முந்தின குருத்து ஞாயிற்றுக்கு மறுநாள், அரைக்கிலோ மைசூர்பாகோடு வங்கிக்குப் போனவன் அதே பொட்டலத்தை நூல்கூட அவிழ்க்காமல் திருப்பிக் கொண்டுவந்து, சட்டையைக் கழற்றாமல் சுவரைப் பார்த்து உட்கார்ந்தபோது, அவள் அடுப்பை அணைத்துவிட்டு வந்து பக்கத்தில் நின்றாள்.

"என்னாங்க, பத்திரம் குடுத்தாங்களா?"

"மேனேஜர் லீவு."



மேனேஜர் லீவில் இல்லை. பதினான்கு வருடத்தில் சூசை அவளிடம் சொன்ன முதல் பொய் அது. அந்தப் பொய்யின் பாரம் தெரிய வேண்டுமானால் கொஞ்சம் பின்னால் போக வேண்டும்.

சூசை சாமல்பட்டி ஸ்டேஷனில் மூட்டை தூக்கியவரின் மகன். தொழிற்பயிற்சி முடித்து, இருபத்தெட்டு வயதில் ஓசூருக்கு வந்தான். சிப்காட்டில், மோட்டார் சைக்கிளுக்குப் பல்சக்கரமும் தண்டும் செய்கிற கம்பெனியில் லேத் ஓட்டினான். மெஷினில் அவன் கை பட்டால் இரும்பு வெண்ணெய் மாதிரி இழையும் என்பார்கள். கல்யாணமாகி ஐந்து வருடத்தில் ஐந்து வீடு மாறினார்கள். எல்லாம் லைன் வீடுகள். ஆறு குடும்பத்துக்கு ஒரு குழாய். கடைசியாக இருந்த வீட்டுக்காரர் கன்னடக்காரர். பவுலினா குடத்தோடு நின்றாலே "நீரு இல்லா, நீரு இல்லா" என்று உள்ளேயிருந்து குரல் கொடுப்பார். ஒருநாள் அவள் வெறுங்குடத்தை இடுப்பில் வைத்தபடியே அழுதாள். அன்றைக்குத்தான் சூசை வீடு கட்டுவது என்று முடிவெடுத்தான்.

அவர்களுக்குப் பிள்ளை இல்லை. ரயில்வே கேட்டுக்கு அந்தப் பக்கம் வாங்கிய துண்டு நிலத்துக்கு அவளுடைய நகையெல்லாம் போயிற்று. கட்டடத்துக்கு, அந்த நிலத்தின் பத்திரத்தை அடமானம் வைத்து வங்கியில் அறுபதாயிரம் கடன். அஸ்திவாரம் தோண்டிய நாளில் பவுலினா அந்தக் குழியின் ஓரத்தில் உட்கார்ந்து, தொட்டில் பிள்ளையைப் பார்ப்பது போலப் பார்த்துக்கொண்டிருந்தாளாம்.

கடன் பத்திரத்தில் கையெழுத்துப் போட்ட அன்று வங்கி அதிகாரி தெளிவாகத்தான் சொன்னார். "பன்னெண்டரை சதவீதம் வட்டி. மாசம் அறுநூத்தி எண்பத்திரண்டு. இருபது வருஷம்."

சூசை மனதுக்குள் சிரித்துக்கொண்டான். ஏன் சிரித்தான் என்றால், அவன் வேலை அப்படி.

அவன் கம்பெனியில் ஒவ்வொரு வேலைக்கும் ஒரு ஜாப் கார்டு உண்டு. இத்தனை உருப்படி, இத்தனை மணி நேரம் என்று அதில் எழுதியிருக்கும். அந்த நேரத்தை, கையில் நிறுத்தற் கடிகாரத்தோடு வந்து நிற்கிற டைம் ஸ்டடிக்காரர் நிர்ணயிப்பார். கைதேர்ந்த ஆளுக்கும் கற்றுக்குட்டிக்கும் பொதுவாக அந்த நேரத்தைத் தாராளமாகவே போடுவார்கள். இருபது மணி நேரம் என்று போட்டிருந்தால் சூசை எட்டு மணி நேரத்தில் முடிப்பான். மிச்ச நேரத்துக்கு ஊக்கத்தொகை. எட்டு வருடமாக அவன் பிழைப்பே அப்படித்தான். ஆகவே 'இருபது வருஷம்' என்று காதில் விழுந்ததும், வங்கிக்காரர் போட்ட ஜாப் கார்டு நேரம் என்றே அவன் எடுத்துக்கொண்டான். முடியாதவனுக்குத்தானே இருபது வருஷம்? நமக்கெதற்கு?

அன்று சாயங்காலமே கம்பெனியில் கழித்துப்போட்ட ஒரு கார்டின் முதுகில் கணக்குப் போட்டான். அறுபதாயிரத்துக்குப் பன்னிரண்டரை சதவீதம் ஏழாயிரத்து ஐந்நூறு. ஆக மொத்தம் அறுபத்தேழாயிரத்து ஐந்நூறு. மாதம் அறுநூற்று எண்பத்திரண்டு வீதம் தொண்ணூற்றொன்பது மாதம் கட்டினால், பதினெட்டு ரூபாய் கூடவே போய்விடுகிறது!

"எட்டேகால் வருஷம், பவுலி! அதோட வூடு நம்ளுது!" என்று அவளைத் தூக்கிக் கிறுகிறுவென்று சுற்றினான். வட்டி என்பது சரக்கு விலையில் சேர்க்கிற கூலி மாதிரி ஒரே ஒரு தடவை போடுவது என்று அவன் நினைத்ததில் அவளுக்கும் சந்தேகம் வரவில்லை. கணக்கில் அவன் புலி என்று அவள் நம்பினாள். கம்பெனியே நம்பியது.

எண்பத்து நான்கு கிறிஸ்துமஸுக்கு முன்னால் வீடு எழும்பிவிட்டது. இரண்டு அறை, ஒரு சமையலறை. பவுலினாவின் ஆசை ஒன்றே ஒன்றுதான். பங்குச் சாமியார் வந்து, அறை அறையாகத் தீர்த்தம் தெளித்து, வீட்டை மந்திரிக்க வேண்டும். மந்திரிக்காத வீட்டில் குடியிருந்தாலும் அது குடியிருப்பாகாது அவளுக்கு.

அவளுடைய அண்ணன் பாக்கியராஜ், கிருஷ்ணகிரியில் சைக்கிள் கடை வைத்திருப்பவர், வீட்டைப் பார்க்க வந்தார். நாக்கில் எப்போதும் ஒரு ஊசி வைத்திருப்பார். வாசற்படியில் நின்று சுற்றும் முற்றும் பார்த்துவிட்டு, "ஏன் மாப்ள, ஃபாதரைக் கூப்புடறியே, வூடு உன்னுதா, பேங்க்காரனுதா? தீர்த்தத்தை அந்த மேனேஜர் தலையில தெளிக்கச் சொல்லு, அதான் மொறை!" என்றார்.

கூட வந்தவர்கள் கொல்லென்று சிரித்தார்கள். சூசையின் முகம் சிவந்தது.

"மச்சான், கேட்டுக்கங்க. பத்திரம் என் கைக்கு வர்ற அன்னிக்குத்தான் ஃபாதரு இந்தப் படியில கால் வெப்பாரு. கடன் வூட்டை நான் மந்திரிக்க வுட மாட்டன். இது சத்தியம்!"

அடுப்படியில் பால் காய்ச்சிக்கொண்டிருந்த பவுலினாவின் கையிலிருந்த கரண்டி அப்படியே நின்றது. ஒரு நிமிடத்துக் கோபத்தில் ஒரு ஆண்பிள்ளை விட்ட வார்த்தைக்கு எட்டு வருடம் காத்திருக்கப் போகிறவள் யார் என்று அங்கே யாராவது நினைத்தார்களா?

அவள் காத்திருந்தாள். வாடகைத் தையல் மெஷின் ஒன்றை எடுத்துப் பள்ளிக்கூடப் பிள்ளைகளுக்குச் சீருடை தைத்தாள். மந்திரிப்பு விருந்துக்கென்று அந்தக் காசைச் சீட்டுக் கட்டிச் சேர்த்தாள். பக்கத்து வீட்டார் "புது வூட்டுக்கு எப்பம்மா கூப்புடப்போற?" என்று கேட்டால், "இன்னும் மந்திரிக்கலைங்க" என்று தலையைக் குனிந்துகொள்வாள். சொந்தக்காரர் யாரையும் இரண்டு நாள் தங்கச் சொல்ல மாட்டாள்.

சூசையோ, தொண்ணூற்றொன்பது கட்டம் போட்ட ஒரு கார்டைச் சுவரில் ஒட்டி, சம்பள நாளன்று ஒரு கட்டத்தைப் பென்சிலால் நிரப்புவான். தவணையைக் கம்பெனியே சம்பளத்தில் பிடித்து வங்கிக்கு அனுப்பிவிடும். வருடத்துக்கு ஒருமுறை வங்கியிலிருந்து இங்கிலீஷில் ஒரு கடிதம் வரும். முதல் கடிதத்தில் ஐம்பத்தொன்பதாயிரத்துச் சொச்சம் என்று ஒரு தொகை இருந்தது. வாங்கிய கடனில் பத்திரச் செலவைக் கழித்து எழுதியிருக்கிறார்கள் என்று எண்ணிக் கடிதத்தைப் பிஸ்கட் டப்பாவில் போட்டான். அப்புறம் வந்தவற்றைப் பிரிக்கவே இல்லை.

இதிலே ஊருக்கு உபதேசம் வேறு! பக்கத்து மெஷின்காரன் எல்லப்பன், கெலமங்கலத்துத் தெலுங்குக்காரன், கடன் வாங்கப் பயந்தபோது, சூசை அவனைக் கேண்டீனில் உட்காரவைத்து டீ வாங்கிக் கொடுத்து, "இருவது வருஷம்னு போட்டிருப்பான், பயப்படாத. அது சும்மா டைம் ஸ்டடி. எட்டு வருஷத்துல தூக்கி எறிஞ்சிடலாம்" என்று தைரியம் சொன்னான். எல்லப்பனும் தொண்ணூறில் கடன் வாங்கிவிட்டான்.

இப்படியாகத் தொண்ணூற்று மூன்று மார்ச் சம்பளத்தோடு தொண்ணூற்றொன்பதாவது தவணையும் போயிற்று. ஈஸ்டருக்கு அடுத்த ஞாயிறு மந்திரிப்பு என்று கார்டு அச்சடித்துக் கொடுத்தாயிற்று. 'மதிய விருந்து உண்டு' என்று கொட்டை எழுத்தில் போட்டிருந்தது. சமையல்காரர் ஷேக் தாவூத் பாயிடம் பிரியாணிக்குச் சொல்லியாகிவிட்டது. பவுலினா எட்டு வருடத்தில் முதல்முறையாகப் பாட்டுப் பாடிக்கொண்டே பாத்திரம் தேய்த்தாள்.

அந்தப் பாட்டைக் காதில் வாங்கிக்கொண்டுதான் சூசை திங்கட்கிழமை மைசூர்பாகோடு வங்கிக்குப் போனான்.

வங்கியில் கடன் கணக்குப் பார்ப்பவர் அதாவுல்லா. யாரிடமும் குரல் உயர்த்தாதவர். சூசை பொட்டலத்தை மேசைமேல் வைத்தான்.

"பாய், மொதல்ல இனிப்பு எடுத்துக்கங்க. கடன் முடிஞ்சிடுச்சு. பத்திரத்தை வாங்கிட்டுப் போலாம்னு வந்தன்."

அதாவுல்லா பேரேட்டைப் புரட்டினார். நிறுத்தினார். மறுபடியும் ஒரு பக்கம் பின்னால் போனார்.

"தொண்ணூத்தொம்பது தவணை கட்டியிருக்கீங்க. ஒண்ணுகூடத் தவறல."

"தவறுவனா பாய்!"

"ஆனா இன்னும் பாக்கி அம்பதாயிரத்து இருநூத்தி ஏழு இருக்குதுங்களே."

சூசை சிரித்தான். "வேற சூசையா இருக்கும், நல்லாப் பாருங்க. எங்க பங்குலயே நாலு சூசை இருக்கறம்."

அதாவுல்லா சிரிக்கவில்லை. பேரேட்டை அவன் பக்கம் திருப்பி வைத்தார். அவன் பெயர், அவன் அப்பா பெயர், அவன் கம்பெனி. கடைசி வரியில் ஐம்பதாயிரத்து இருநூற்றேழு.

"அறுபத்தேழாயிரத்துக்கு மேல கட்டிட்டனே பாய்! வாங்கினதே அறுபதுதான்!" அவன் குரல் உடைந்தது. வரிசையில் நின்றவர்கள் திரும்பிப் பார்த்தார்கள்.

"உக்காருங்க மொதல்ல." அவர் நாற்காலியை இழுத்துப் போட்டார். அவன் கணக்கைச் சொன்னதும் கண்ணை மூடிக்கொண்டார். பிறகு ஒரு துண்டுத் தாளில் எழுதிக் காட்டினார். "வட்டி ஒரே தடவை போடறது இல்லைங்க. பன்னெண்டரைங்கறது ஒரு வருஷத்துக்கு. வருஷா வருஷம் உண்டு. மாசா மாசம், எவ்வளவு அசல் மிச்சமோ அதுக்குப் போடுவாங்க. மொத மாசம் அறுபதாயிரத்துக்கு வட்டி மட்டும் அறுநூத்தி இருவத்தஞ்சு. நீங்க கட்டினது அறுநூத்தி எண்பத்திரண்டு. அப்ப அசல்ல எவ்வளவு கழியும்?"

"அம்பத்தேழு," என்றான் சூசை, உதடு மட்டும் அசைய.

"அவ்வளவுதாங்க. இப்பக்கூட மாசம் ஐநூறுக்கு மேல வட்டிக்கே போவுது. நூத்தி அறுபதுக்குக் கிட்டத்தான் அசலுக்கு."

லேத்காரனுக்கு அது அப்படியே கண்ணில் தெரிந்தது. ஒரு முழு இரும்புத் தண்டை மெஷினில் மாட்டிக் கடைந்தால், கடைசியில் கையில் நிற்பது விரல் தடிமனில் ஒரு துண்டு. மற்றதெல்லாம் சுருள் சுருளாகக் காலடியில் குவிந்து கிடக்கிறது. எட்டேகால் வருடம் ஓவர்டைம் பார்த்து அவன் குவித்தது அந்தச் சுருளைத்தான்!

"இருவது வருஷமும் கட்டினா மொத்தம்?"

"ஒரு லட்சத்து அறுபத்து மூவாயிரத்துச் சொச்சம்."

"அறுபதாயிரம் வாங்கினதுக்கா?"

"அறுபதாயிரத்தை இருவது வருஷம் வெச்சிருக்கறதுக்கு," என்றார் அதாவுல்லா, மெதுவாக. அப்புறம் வேறு ஏதோ சொன்னார். நடுவில் சேர்த்துக் கட்டினால் அசல் குறையும் என்று என்னவோ. சூசை காதில் விழுந்தது, மனதில் இறங்கவில்லை. கடன் முடிகிறபோது அவனுக்கு ஐம்பத்தாறு வயது. அதுவரை பத்திரம் வராது. பத்திரம் வராமல் சாமியார் படியேற மாட்டார். அவன் போட்ட சத்தியம். அச்சடித்த கார்டு. பாத்திரம் தேய்த்துக்கொண்டே பாடிய பவுலி!

அவளிடம் எப்படிச் சொல்வது?

சொல்லவில்லை. செவ்வாய், புதன், வியாழன் போயிற்று. சோற்றில் கை வைப்பான், எழுந்துவிடுவான். பெரிய வெள்ளியன்று சிலுவைப் பாதையில், இயேசு மூன்றாம் முறை விழுகிற இடத்தில், எல்லோரும் முழந்தாளிட்டார்கள். சூசை எழுந்திருக்கவில்லை. தோள் குலுங்கக் குலுங்க விம்மினான். "சூசையண்ணனுக்கு எவ்வளவு பக்தி பாத்தியா" என்று பின்னால் ஒரு பெண் சொன்னது பவுலினா காதில் விழுந்தது. அது பக்தி இல்லை என்று அவளுக்குத் தெரியாதா!

வீட்டுக்கு வந்து உபவாசக் கஞ்சியை முன்னால் வைத்தவள், கதவைச் சாத்திவிட்டு எதிரில் உட்கார்ந்தாள்.

"சொல்லுங்க. டாக்டரு என்னா சொன்னாரு?"

"எந்த டாக்டரு?"

"மறைக்காதீங்க. நெஞ்சுல வலியா? எத்தனை நாளு சொல்லியிருக்காங்க?"

சூசை திகைத்துப் போனான். பிறகு அணை உடைந்தது. அறுநூற்று இருபத்தைந்து, ஐம்பத்தேழு, ஒரு லட்சத்து அறுபத்து மூவாயிரம் எல்லாம் கண்ணீரோடு கொட்டின. பவுலினா கேட்டுக்கொண்டே இருந்தாள். முடிந்ததும் சேலைத் தலைப்பை வாயில் வைத்துக்கொண்டு குலுங்கினாள். அழுகிறாள் என்று அவன் பதறினான். அவள் சிரித்துக்கொண்டிருந்தாள்.

"கடனா? வெறும் கடனா? நாலு நாளா உன் பொணத்தைப் பக்கத்துல போட்டுக்கிட்டுப் படுத்திருக்கற மாதிரிப் படுத்திருந்தன்யா! நல்லாயிருக்கியா நீ? உடம்புக்கு ஒண்ணுமில்லையே?"

"ஒண்ணுமில்ல, பவுலி."

"அந்தோணியாருக்கு ஸ்தோத்திரம்!" என்று கையெடுத்துக் கும்பிட்டாள். கும்பிட்ட கை இறங்குவதற்குள் முகம் மாறிவிட்டது. எட்டு வருடத்துக் கோபம் அது.

"அந்த வட்டிக்குக் கணக்குப் போட்டு அழறியே, உன் சத்தியத்துக்கு எவன் கணக்குப் போட்டது? எங்கண்ணன் ஒரு வார்த்தை சொன்னாருன்னு, என் வூட்டுக்குள்ளயே என்னை எட்டு வருஷம் விருந்தாளி மாதிரி நிக்க வெச்சியே. அது எவ்வளவு ஆவுது? அதை எந்த பேங்க்ல கட்டுவ?"

கஞ்சி ஆறிப்போயிற்று. அவள் எழுந்து போய்ச் சுவரில் இருந்த கார்டைக் கிழித்து, மடித்து, அடுப்பில் வைத்தாள்.

"ஃபாதரு மந்திரிக்கறது வூட்டை. பத்திரத்தை இல்ல. கார்டுல போட்டபடி ஈஸ்டருக்கு அடுத்த ஞாயித்துக்கெழமை மந்திரிப்பு நடக்கும். உன் சத்தியத்தை நீயே எல்லார் முன்னாடியும் எடுத்துக்கோ."

"பவுலி, மச்சான் முன்னாடியா?"

"எங்கண்ணன் முன்னாடிதான போட்ட?"

கொஞ்சம் பொறுத்து, சமையலறையிலிருந்து அவள் குரல் வந்தது. கோபம் வடிந்திருந்தது. "அந்த பாய் வேற என்னா சொன்னாரு? எதுவும் வழி சொல்லலையா?"

அப்போதுதான் அவனுக்கு நினைவு வந்தது. "நடுவுல சேத்துக் கட்டினா மொத்தமும் அசல்ல போய் விழுமாம்."

ஈஸ்டர் முடிந்த மறுநாள் இருவருமாக வங்கிக்குப் போனார்கள். பவுலினா முந்தானை முடிச்சை அவிழ்த்து, விருந்துக்கென்று சேர்த்த எட்டாயிரத்தையும் மேசையில் வைத்தாள். சூசை அவள் கையைப் பிடித்தான். "வேணாம் பவுலி. ஒவ்வொரு பொத்தானுக்கும் ஊசி உன் விரல்ல குத்தின காசு இது." அவள் கையை உதறினாள்.

"பாய், இதை இப்பக் கட்டினா எத்தனை மாசம் கொறையும்?"

அதாவுல்லா கணக்கு மெஷினைத் தட்டினார். "நூத்தி நாப்பத்தோரு மாசம் பாக்கி இருக்குது. இதைக் கட்டினா நூறு மாசம்தாங்கக்கா. நாப்பத்தோரு மாசம் போயிடும்."

"மாசக் கணக்கு வேணாம். ரூவாயாச் சொல்லுங்க."

"இருவத்தேழாயிரத்துத் தொள்ளாயிரத்துச் சொச்சம் பின்னாடி கட்ட வேண்டியது இல்ல."

பவுலினா புருஷனைத் திரும்பிப் பார்த்தாள். எட்டாயிரத்துக்கு இருபத்தெட்டாயிரமா? "ஏன் பாய், இதை மொத வருஷமே கட்டியிருந்தா?"

"இன்னும் நெறைய கொறைஞ்சிருக்கும். சீக்கிரம் கட்டறதுக்குத்தான் பலன் ஜாஸ்தி."

"அந்தச் சீட்டுக் காசு பொட்டியிலயே தூங்கிட்டிருந்துச்சு," என்றாள் அவள், தனக்குத்தானே. "சரி. அசல்லதான் கழிக்கறம்னு எழுதிக் குடுங்க. எனக்குப் படிக்கத் தெரியற மாதிரி தமிழ்ல எழுதுங்க."

அதாவுல்லா தமிழிலேயே எழுதிக் கொடுத்தார்.

ஞாயிறு வந்தது. வெயில் கொளுத்தியது. அழைப்புக் கார்டை நம்பி எண்பது பேர் வந்துவிட்டார்கள். ஷேக் தாவூத் பாய் விஷயத்தைக் கேள்விப்பட்டு, "பிரியாணி இல்லன்னா டீயாவது என் கையால குடிக்கட்டும்" என்று பாய்லரோடு வந்து வாசல் ஓரம் நின்றார். ஒரு கூடை பன். அவ்வளவுதான் விருந்து.

பங்குச் சாமியார் வாசலில் வந்து நின்றார். பாக்கியராஜ் பன்னைக் கையில் வைத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"ஏன் மாப்ள, எட்டு வருஷம் காக்க வெச்சு பன்னு குடுக்கற? சரி, அதை வுடு. பத்திரம் எங்க? பத்திரம் வந்தாத்தான் ஃபாதரு படியேறுவாருன்னு இதே எடத்துல மார்தட்டினியே, எடு பாக்கலாம்!"

சாமியார் தூக்கிய காலைக் கீழே வைத்தார். பவுலினா கதவுக்குப் பின்னால் நின்று அவனையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஒரு பொய் சொன்னால் போதும், மானம் தப்பிவிடும். மேனேஜர் லீவு என்று இன்னொரு தடவை சொன்னால் போதும்.

"பத்திரம் வரல மச்சான்," என்றான் சூசை. "இன்னும் நூறு மாசம் வராது. நான் தப்பாக் கணக்குப் போட்டுட்டன். ஃபாதர், நான் போட்ட சத்தியமும் தப்பு. இந்தப் பொம்பளையோட எட்டு வருஷத்தை நான் தின்னுட்டன். நீங்க உள்ள வாங்க."

பிறகு கூட்டத்தைப் பார்த்துத் திரும்பினான். கம்பெனிக்காரர்கள் பதினைந்து பேராவது இருந்தார்கள். வெட்கத்தை விட்டு எல்லாவற்றையும் சொன்னான். ஜாப் கார்டு நேரம் என்று தான் நினைத்ததை, முதல் மாதத்து ஐம்பத்தேழு ரூபாயை, எட்டாயிரம் நாற்பத்தொரு மாதத்தைத் தின்றதை.

"ஏமிரா சூசை!" என்று எல்லப்பன் பாய்ந்து வந்தான். டீ கையில் தளும்பியது. "உன் பேச்சைக் கேட்டுத்தானடா நானும் வாங்கினன்! என் வூட்டுச் சுவத்துலயும் கட்டம் போட்ட கார்டு ஒட்டி வெச்சிருக்கறன்டா, பாவி!"

"அதான்டா சொல்றன். உனக்கு மூணு வருஷம்தான் ஆவுது. இப்பவே முழிச்சிக்கோ. போனஸ் வந்தா கொண்டுபோய் அசல்ல போடு. என்னை அடிக்கணும்னா அடிச்சிட்டுப் போ."

எல்லப்பன் கை ஓங்கியபடி ஒரு கணம் நின்றான். பிறகு அந்தக் கை சூசையின் தோளில் விழுந்தது. "உன் டீயைக் குடிச்ச பாவம்டா எனக்கு," என்றான். எங்கிருந்தோ ஒரு சிரிப்பு கிளம்பி, வாசல் முழுக்கப் பரவியது. பாக்கியராஜ் மட்டும் சிரிக்கவில்லை. தங்கச்சியின் முகத்தை அவர் அப்போதுதான் பார்த்தார். கையிலிருந்த பன்னைப் பிட்டு வாயில் போட்டுக்கொண்டு, "பன்னு நல்லாத்தான் இருக்குது" என்று முனகினார்.

சாமியார் படியேறினார்.

அறை அறையாகத் தீர்த்தம் தெளித்தார். சமையலறைக்கு வந்ததும் பவுலினா முழந்தாளிட்டு, நெற்றி தரையில் படக் குனிந்தாள். எழுந்திருக்க வெகுநேரம் ஆயிற்று.

அந்தக் கடன் தொண்ணூற்றெட்டு ஜூனில் தீர்ந்தது. ஐந்து வருடத்துத் தீபாவளி போனஸும் புதுத்துணியாகாமல் அசலில் விழுந்தன. அறுபதாயிரத்துக்கு அவர்கள் கட்டியது ஏறக்குறைய ஒரு லட்சத்து முப்பத்து மூவாயிரம். மிச்சப்பட்டது முப்பதாயிரம் என்று சூசை சொல்வான். போனதைச் சொல்லு என்று பவுலினா சொல்வாள். இரண்டும் உண்மைதான்.

ஆனால் அந்த மந்திரிப்பு நாளன்று நூறு மாதம் முழுசாக எதிரே கிடந்தது. மத்தியானத்துக்குள் எல்லோரும் போய்விட்டார்கள். சூசை டீ கிளாஸ்களைக் கழுவிக் கவிழ்த்துவிட்டு உள்ளே வந்தான். வாசற்கதவு இரண்டு பலகையும் விரியத் திறந்து கிடந்தது. அதற்கு நேராக, வெறுந்தரையில், தலைக்குக் கையை வைத்துக்கொண்டு பவுலினா தூங்கிக்கொண்டிருந்தாள். தெருவில் போகிறவர்கள் பார்ப்பார்களே என்ற கவலையில்லாத தூக்கம். அந்த வீட்டில் அவள் பகலில் படுத்து அவன் பார்த்ததில்லை.

கதவைச் சாத்தலாமா என்று யோசித்தான். சாத்தவில்லை. பக்கத்து வீட்டுக் கோழி ஒன்று தயங்கித் தயங்கிப் படியேறி உள்ளே எட்டிப் பார்த்தது. சூசை வாயைத் திறக்காமல் கையை மட்டும் ஆட்டி அதை விரட்டினான்.